அரியலூர்ச் சுண்ணாம்புப் பாறையும் அதிலுள்ள கடல் படிவங்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அரியலூர், பெரம்பலூர், கல்லக்குடிப் பக்கத்துப் பாறைகளையும் அவற்றிலுள்ள படிவங்களையும் (கல்லாகிப்போன பழைய உயிர்களின் எச்சங்கள்) பார்க்க மாணவர்களையும் நண்பர்களையும் பல வருடங்களாக அழைத்துப் போய்க்கொண்டிருக்கிறேன். ஆட்கள் மாறினாலும் கேள்விகள் மாறுவதில்லை. வண்டியை விட்டு இறங்கியதும் ஒன்று, குவாரி விளிம்பில் நிற்கும்போது ஒன்று, திரும்பும் வழியில் தயங்கித் தயங்கி இன்னொன்று. அவற்றைக் கேட்டவர்களின் வார்த்தையிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். முதலில் எளியவை, போகப் போகச் சிக்கலானவை.

அரியலூர்ல கடல் இருந்துச்சுன்னு சொல்றாங்களே, நிஜமாவா? கடற்கரை எங்கேயோ இருக்கே!

நிஜம்தான். இன்றைய கடற்கரை அரியலூரிலிருந்து சுமார் 80 கிலோமீட்டர் கிழக்கே இருக்கிறது. ஆனால் கிரீத்தேசியக் காலம் என்று சொல்லப்படும் காலத்தின் பிற்பகுதியில், அதாவது ஏறத்தாழ 11 கோடி ஆண்டுகளுக்கு முன்பிலிருந்து 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன்பு வரை, கடல் பலமுறை இங்கே ஏறி வந்து பின்வாங்கியிருக்கிறது.

இதற்கு இரண்டு காரணங்கள். இந்தியா, அண்டார்டிகா, ஆஸ்திரேலியா, ஆப்பிரிக்கா எல்லாம் ஒட்டியிருந்த கோண்டுவானா என்ற பெருநிலம் பிளந்தபோது, நம் கிழக்கு ஓரம் விரிசல் விட்டுப் பள்ளமாகத் தாழ்ந்தது. அந்தப் பள்ளத்தைத்தான் காவிரிப் படுகை என்கிறோம். நரிமணத்தில் எண்ணெய் எடுப்பதும் இதே படுகையின் கிழக்குப் பக்க ஆழத்திலிருந்துதான். இரண்டாவது காரணம், அந்தக் காலத்தில் துருவங்களில் இன்றைக்கு இருப்பது போன்ற பெரும் பனிப்பாளங்கள் கிடையாது. உலகம் முழுக்கவே கடல் மட்டம் உயர்ந்திருந்தது. தாழ்ந்த நிலமும் உயர்ந்த கடலும் சேர்ந்தன.

சுண்ணாம்புப் பாறைன்னா என்ன? வெத்தலைக்குப் போடுற சுண்ணாம்பும் இதுவும் ஒண்ணுதானா?

நெருங்கிய உறவு. சுண்ணாம்புப் பாறை என்பது பெரும்பாலும் கால்சியம் கார்பனேட். அந்தக் கால்சியம் கார்பனேட் எங்கிருந்து வந்தது என்றால், கடலில் வாழ்ந்த சிப்பி, பவளம், பாசி, கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்கள் இவற்றின் ஓடுகளிலிருந்து. அவை செத்து அடியில் விழுந்து, நொறுங்கி, ஒன்றின்மேல் ஒன்றாகப் படிந்து, இடைவெளிகளில் சுண்ணாம்பே பசைபோல இறுகிக் கல்லானது.

கடலோரத்தில் கிளிஞ்சலைச் சுட்டுச் சுண்ணாம்பு எடுப்பார்கள் இல்லையா? அரியலூர்க் கல்லைச் சுடுவதும் அதேதான், ஏழு கோடி ஆண்டு பழைய கிளிஞ்சலைச் சுடுகிறோம். சுடும்போது கார்பன் டை ஆக்சைடு வெளியேறுகிறது. மிஞ்சுவது சுட்ட சுண்ணாம்பு. தண்ணீர் ஊற்றினால் அது நீர்த்த சுண்ணாம்பாகிறது. அதைச் சுவரில் பூசினால் காற்றிலுள்ள கார்பன் டை ஆக்சைடை மெல்ல மெல்ல இழுத்துக்கொண்டு மறுபடியும் கால்சியம் கார்பனேட்டாகவே இறுகிவிடுகிறது.

எங்க வயல்ல சுக்கான்கல் நிறைய கிடைக்குது. அதுவும் கடல்ல உண்டானதா?

இல்லை. இந்தக் குழப்பம் நிறையப் பேருக்கு இருக்கிறது, ஏனென்றால் இரண்டின்மேலும் வினிகர் விட்டால் நுரைக்கும். சுக்கான்கல் மண்ணுக்குள்ளேயே உண்டாவது. மழைநீர் மண்ணிலுள்ள சுண்ணாம்பைக் கரைத்துக் கீழே கொண்டுபோகும். வெயிலில் நீர் வற்றும்போது சுண்ணாம்பு அங்கங்கே முடிச்சு முடிச்சாக இறுகிவிடும். கடலுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, வயதும் மிகக் குறைவு.

உடைத்துப் பாருங்கள். சுக்கான்கல்லுக்குள் மண்ணும் மணலும் கலந்த வெறும் முடிச்சுதான் இருக்கும். கடல் சுண்ணாம்புக்கல்லை உடைத்தால் அநேகமாக ஏதாவது ஓட்டின் வளைவோ வரியோ கண்ணில் படும்.

ஒருத்தர் 10 கோடி வருஷம்ங்கிறார், இன்னொருத்தர் 7 கோடிங்கிறார். எது சரி?

இரண்டும் சரியாக இருக்கலாம். எந்த இடத்தில் நின்றுகொண்டு கேட்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. அரியலூர்ப் பாறை என்று ஒரே பாறை கிடையாது. அடுக்கடுக்காகப் பல பாறைகள் இருக்கின்றன.

இங்கே இயற்கை நமக்கு ஒரு பெரிய வசதி செய்து கொடுத்திருக்கிறது. அடுக்குகள் எல்லாம் கிழக்கு நோக்கி லேசாகச் சாய்ந்திருக்கின்றன. சாய்த்து வைத்த புத்தகக் கட்டின் மேல்புறத்தைச் சீவிவிட்டால் எல்லாப் புத்தகத்தின் விளிம்பும் வரிசையாகத் தெரியுமே, அப்படி. அதனால் மேற்கிலிருந்து கிழக்கே பயணம் செய்தால் பழைய காலத்திலிருந்து புதிய காலத்துக்கு வருகிறீர்கள். மேற்கு எல்லையில் இருப்பது 200 கோடி ஆண்டுகளுக்கும் மூத்த, வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறிய நைஸ் பாறை. அதில் படிவமே இல்லை. அதன்மேல் பெரும்பாலும் நேராக உட்கார்ந்திருப்பது ஊட்டத்தூர்த் தொகுதி: கல்லக்குடிப் பவளச் சுண்ணாம்புக்கல், காரை என்ற ஊரின் களிமண், எல்லாம் ஏறத்தாழ 11 கோடியிலிருந்து 9 கோடி ஆண்டுகள் வரை. அப்புறம் கருடமங்கலத்தை உள்ளடக்கிய திருச்சிராப்பள்ளித் தொகுதி. அதற்கும் கிழக்கே அரியலூர்த் தொகுதி: சில்லக்குடி மணற்பாறை, அதன்மேல் சுமார் 7 கோடி ஆண்டு வயதுள்ள கல்லங்குறிச்சிச் சுண்ணாம்புக்கல், அதன்மேல் ஒட்டக்கோவில், கல்லமேடு. கடைசியாக நின்னியூர்ச் சுண்ணாம்புக்கல்; அது கிரீத்தேசியம் முடிந்த பிறகு, 6.6 கோடி ஆண்டுகளுக்கு இப்பால் படிந்தது.

ஆகவே வயதைக் கேட்பதற்கு முன் ஊரைச் சொல்லுங்கள். இந்தப் பக்கம் முழுக்க நான் திரும்பத் திரும்பச் சொல்லப் போவது இது ஒன்றுதான்: எங்கே எடுத்தது என்று தெரியாத படிவம் பாதிக் கதையை இழந்த படிவம்.

பாறைக்கு ஏன் ஊர்ப் பெயர் வைக்கிறாங்க?

அந்தப் பாறை நன்றாக வெளித்தெரியும் இடத்தின் பெயரை அதற்கு வைப்பது உலக வழக்கம். கல்லங்குறிச்சிப் பாறை படிந்த காலப்பகுதிக்கு மாஸ்ட்ரிக்டியன் என்று பெயர். அது நெதர்லாந்தில் இருக்கும் மாஸ்ட்ரிக்ட் என்ற ஊர். கலியுக வரதராசப் பெருமாள் கோயில் இருக்கும் நம் கல்லங்குறிச்சியும் அப்படித்தான் உலக ஆய்வுக் கட்டுரைகளில் இடம்பிடித்திருக்கிறது.

ஒருமுறை வைத்த பெயரை எளிதில் மாற்றுவதில்லை. டால்மியாபுரம் என்ற பெயரைக் கல்லக்குடி என்று மாற்றக் கோரி 1953-இல் நடந்த போராட்டம் தமிழ்நாட்டு அரசியலில் எல்லோருக்கும் தெரிந்தது. பாறைக்கு மட்டும் இன்றும் டால்மியாபுரம் பாறைத்தொடர் என்றே பெயர். திருச்சிராப்பள்ளித் தொகுதியையும் ஆங்கிலேயர் எழுதிய ட்ரிச்சினோபொலி என்ற எழுத்திலேயே குறிப்பிடுகிறார்கள்.

இதையெல்லாம் முதல்ல யார் கண்டுபிடிச்சது?

உழவு ஓட்டியவர்களும் ஆடு மேய்த்தவர்களும் காலங்காலமாகப் பார்த்திருப்பார்கள். அறிவியல் பதிவு என்று பார்த்தால், கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரிகளான கேய், கன்லிஃப் என்ற இருவர் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிப் பகுதிகளில் திரட்டிய படிவங்களை எட்வர்ட் ஃபோர்ப்ஸ் 1846-இல் விவரித்து எழுதினார். ஹென்றி பிளான்ஃபோர்ட் நிலத்தை நடந்து அளந்து 1862-இல் வெளியிட்ட வரைபடத்தின் அடிப்படைப் பிரிப்பு (ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர்) இன்னும் நிற்கிறது.

எனக்கு இதில் மிகவும் பிடித்தவர் ஃபெர்டினாண்ட் ஸ்டோலிச்கா. இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் வேலை பார்த்த அவர், தென்னிந்தியக் கிரீத்தேசிய உயிர்களை ஒவ்வொன்றாக வரைந்து, பெயரிட்டு, பல பாகங்களாக 1873 வரை வெளியிட்டார். அடுத்த ஆண்டே, மத்திய ஆசியப் பயணத்திலிருந்து திரும்பும் வழியில் லடாக்கில் இறந்துபோனார். வயது 36. இன்றைக்கும் ஒரு சிப்பியின் பெயரைச் சரிபார்க்க அவருடைய படங்களைத்தான் புரட்டுகிறோம்.

பாறையில வயசு எழுதியா இருக்கு? எப்படிக் கண்டுபிடிக்கிறாங்க?

எரிமலைப் பாறையாக இருந்தால் அதிலுள்ள கதிரியக்கத் தனிமங்களை அளந்து நேரடியாக வயது சொல்லலாம். சுண்ணாம்புக்கல்லில் அது எளிதல்ல. அதனால் உயிர்களையே கடிகாரமாகப் பயன்படுத்துகிறோம். சில உயிரினங்கள் குறுகிய காலமே வாழ்ந்து, ஆனால் உலகக் கடல்களெங்கும் பரவியிருந்தன. சுருள் ஓடுடைய அம்மோனைட்டுகளும் ஃபொராமினிஃபெரா என்னும் ஒற்றைச்செல் உயிர்களும் அப்படிப்பட்டவை. வேறு நாட்டில் எரிமலைச் சாம்பல் அடுக்குகளுக்கு நடுவே அதே இனம் கிடைத்து, அங்கே வயது அளக்கப்பட்டிருந்தால், அதே வயதை இங்கும் பொருத்தலாம்.

இன்னொரு வழி ஸ்ட்ரான்சியம். கடல் நீரிலுள்ள ஸ்ட்ரான்சியத்தின் இரு வகைகளுக்கு இடையிலான விகிதம் காலத்தோடு மெல்ல மாறிவந்திருக்கிறது. சிப்பியின் ஓடு வளர்ந்தபோது இருந்த விகிதம் ஓட்டிலேயே பதிந்திருக்கும். ஓடு கெடாமல் இருந்தால் அதை அளந்து காலத்தைச் சொல்லிவிடலாம். இந்த இரண்டு முறைகளிலும் அடுக்கு தெரிந்திருந்தால்தான் விடை உறுதியாகும் என்பதைக் கவனியுங்கள்.

கல்லங்குறிச்சிப் பாறையில அப்படி என்ன விசேஷம்?

குவாரிச் சுவர் ஒன்றின் முன் நின்று பார்த்தால் இந்தக் கேள்வி எழாது. சில அடுக்குகளில் சிப்பிகளுக்கு நடுவே கல் இருக்கிறது என்று சொல்வதைவிட, சிப்பிகள்தான் கல் என்று சொல்ல வேண்டும். கையளவுக் கிரைஃபியா சிப்பிகள்: ஒரு பக்கம் கிண்ணம்போல் குழிந்து கனமாக இருக்கும், மறுபக்கம் மூடிபோல் தட்டை. விளிம்பு வாள்பல்லாக மடிந்த அலெக்ட்ரியோனியா சிப்பிகள். பெரிய தட்டையான இனோசெராமஸ் ஓடுகள். அவற்றின் உடைந்த விளிம்பை உற்றுப் பார்த்தால் ஊசிகளை நெருக்கி நட்டு வைத்ததுபோல் இருக்கும், தொட்டாலே அந்த இழைகள் பிரிந்து வரும். கூடவே பிரையோசோவா என்னும் வலைப்பின்னல் உயிர்கள், கடல்முள்ளெலிகள், சிப்பிபோல் இரண்டு ஓடுடைய பிராக்கியோபாடுகள், சிறு நாணயம்போன்ற ஃபொராமினிஃபெராக்கள்.

அடுக்குக்கு அடுக்கு ஆட்கள் மாறுகிறார்கள் என்பதுதான் இதிலுள்ள அழகு. அடியில் மணல் கலந்த பகுதி. கடல் ஏறி வரத் தொடங்கிய காலம் அது, அலை பலமாக இருந்திருக்கிறது. மேலே இனோசெராமஸ் மிகுந்த காட்டுப்பிரிங்கியம் பகுதி ஒன்று, கிரைஃபியா மிகுந்த சீனிவாசபுரம் பகுதி ஒன்று எனத் தனித்தனியாகவே பெயரிட்டுப் பிரித்திருக்கிறார்கள். ஒரே கடல்தான், ஆழமும் அலையின் வேகமும் அடித்தரையும் மாறும்போது அங்கே குடியிருந்த உயிர்களும் மாறியிருக்கின்றன. ஆறுகள் கொண்டுவந்து கொட்டும் சேறு குறைவாக இருந்த காலம் என்பதால்தான் இவ்வளவு தூய சுண்ணாம்பு சேர முடிந்தது.

சில அடுக்குகளில் ஓடுகள் தாறுமாறாக, கவிழ்ந்தும் உடைந்தும் குவிந்திருக்கும். புயல் புரட்டிப் போட்டவை அவை. இன்னும் சில இடங்களில் இரண்டு ஓடும் மூடியபடியே இருக்கும்; அந்தச் சிப்பி வாழ்ந்த இடத்திலேயே புதைந்துவிட்டது. மாணவர்களிடம் நான் முதலில் தேடச் சொல்வது இந்த வித்தியாசத்தைத்தான்.

சிப்பி மட்டும் அப்படியே முழுசா கிடைக்குது. நத்தை மாதிரி இருக்கிறதெல்லாம் வெறும் அச்சாத்தான் கிடைக்குது. ஏன்?

மிக நல்ல கேள்வி. கேட்டது ஒன்பதாம் வகுப்பு மாணவி. கால்சியம் கார்பனேட் இரண்டு படிக வடிவங்களில் வரும்: கால்சைட், அரகோனைட். வேதிப்பொருள் ஒன்றுதான், அணுக்களின் அடுக்குமுறை வேறு. கிரைஃபியாவும் பிராக்கியோபாடும் முக்கியமாகக் கால்சைட்டில் ஓடு கட்டின. அது நிலையானது. நத்தைகளும் அம்மோனைட்டுகளும் பல வகை மட்டிகளும் அரகோனைட்டில் கட்டின. அது நிலத்தடி நீரில் சீக்கிரம் கரைந்துவிடும்.

அதனால் நத்தையின் ஓடு கரைந்து, உள்ளே புகுந்திருந்த சேறு மட்டும் கல்லாகி நிற்கிறது. உங்கள் கையில் இருப்பது ஓடு அல்ல, அதன் உட்புற வார்ப்பு. நீர் எளிதில் ஊடுருவாத களிமண்ணில் அரகோனைட் தப்பிப் பிழைக்க வாய்ப்பு அதிகம். ஆக, ஓர் அடுக்கில் சிப்பியே மிகுந்திருப்பதைப் பார்த்து அங்கே நத்தையே வாழவில்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

அம்மோனைட்டுன்னா நத்தையா? சாளக்கிராமமும் இதுவும் ஒண்ணா?

பார்க்க நத்தைபோல் சுருண்டிருந்தாலும் அம்மோனைட் கணவாயின் உறவினர். ஓட்டுக்குள் அறை அறையாகத் தடுப்புச் சுவர்கள் உண்டு. விலங்கு கடைசி அறையில் வசித்தது, மற்ற அறைகளின் உதவியால் நீரில் மிதந்தது. நத்தைக்கு இந்த அறைகள் கிடையாது. உள்வார்ப்பின் மேல் இலை விளிம்புபோல் நெளிந்து நெளிந்து ஓடும் கோடுகள், அந்தத் தடுப்புச் சுவர்கள் ஓட்டோடு சேர்ந்த இடங்கள்.

சாளக்கிராமத்தில் சக்கரமாகத் தெரிவதும் அம்மோனைட்தான். ஆனால் அது நேபாளத்தின் காளி கண்டகி ஆற்றில் கிடைப்பது, ஜுராசிக் காலத்தைச் சேர்ந்தது, நம் பெரம்பலூர் அம்மோனைட்டுகளைவிட மூத்தது. அந்தக் கடலடித் தரையை இமயமலை தூக்கி நிறுத்தியது. நம்முடையது கிட்டத்தட்டப் படிந்த இடத்திலேயே கிடக்கிறது.

காரையில துப்பாக்கித் தோட்டா மாதிரி ஒரு கல் கிடைச்சுது. அது என்ன?

பெலெம்னைட். அதுவும் கணவாயின் உறவினர்தான். நீங்கள் எடுத்தது அதன் உடலுக்குள் வால்பக்கம் இருந்த கடினமான பகுதி. கால்சைட்டால் ஆனது என்பதால் (சிப்பிக்குச் சொன்ன அதே காரணம்) நன்றாக நிலைத்திருக்கிறது. காரையின் களிமண் மேடுகளை மழை அரித்து அரித்துச் செம்மண்ணும் சாம்பலுமாக வரிவரியான பள்ளத்தாக்குகளாக்கியிருக்கிறது. ஒவ்வொரு மழைக்கும் புதிதாகச் சில வெளியே வரும்.

அங்கே வெயிலில் கண்ணாடித் துண்டுபோல் மினுங்குவது ஜிப்சம். படிவம் அல்ல, பிற்காலத்தில் விரிசல்களில் உண்டான கனிமம்.

பவளப்பாறைகூட இருந்ததாமே?

இருந்தது, கல்லக்குடிப் பக்கத்தில். பவளமும் சுண்ணாம்புப் பாசியும் சேர்ந்து கட்டிய சுண்ணாம்புக்கல் அது. மேலே சொன்ன வரிசையில் அடிப்பகுதி, கல்லங்குறிச்சியைவிட ஏறத்தாழ மூன்று கோடி ஆண்டு மூத்தது. இரண்டையும் ஒரே சுண்ணாம்புக்கல் என்று நினைத்துவிடாதீர்கள். ஒன்றைப் பவளமும் பாசியும் கட்டின, மற்றதைச் சிப்பிகள் கட்டின.

டைனோசர் முட்டை கிடைச்சுதுன்னு அடிக்கடி செய்தி வருதே, உண்மையா?

செந்துறைப் பகுதியில் முட்டைக் குவியல்கள் கிடைத்ததாகச் சேலம் பெரியார் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2009-இல் அறிவித்தார்கள். அது ஒரு பக்கம். மற்றபடி குளம் தூர்வாரும்போது உருண்டையாகக் கல் கிடைத்தால் உடனே முட்டை என்று பரவிவிடுகிறது. 2020-இல் பெரம்பலூர் மாவட்டத்தில் அப்படிக் கிடைத்த உருண்டைகள் அம்மோனைட்டைச் சுற்றிப் படிவு இறுகி உண்டானவை.

எப்படிப் பிரித்தறிவது? சேற்றுக்குள் கிடக்கும் ஒரு சிப்பி ஓடு அல்லது இலையை மையமாக வைத்துச் சுண்ணாம்பு சுற்றிச் சுற்றி இறுகினால் உருண்டைக்கல் உண்டாகும். உடைந்த ஒன்றைப் பார்த்தால் நடுவரை ஒரே கல்லாக இருக்கும், அல்லது நடுவில் அம்மோனைட் இருக்கும். உண்மையான முட்டைக்குச் சில மில்லிமீட்டர் தடிமனில் தனி ஓடு வேண்டும்; அதில் நுண்துளைகள் இருக்கும். அதோடு இன்னொரு கேள்வியும் கேட்க வேண்டும்: அந்த அடுக்கு கடலடியில் படிந்ததா, தரையிலா? டைனோசர் கடலில் முட்டையிடாது.

உலகத்திலேயே பெரிய டைனோசர் அரியலூர்லதான் கிடைச்சுதா?

கிடைத்திருக்கலாம், உறுதியாகச் சொல்ல முடியாமல் போனதுதான் என் மனதை உறுத்தும் விஷயம். கல்லமேடு அடுக்கு கடல் பின்வாங்கிய பிறகு ஆறுகள் படியவைத்த மணலும் களிமண்ணும். அங்கே கிடைத்த மாபெரும் எலும்புகளுக்கு யாதகிரி, அய்யாசாமி என்ற புவியியலாளர்கள் 1980-களின் பிற்பகுதியில் பிருஹத்காயோசாரஸ் என்று பெயரிட்டார்கள். பேருடல் பல்லி என்று பொருள். கீழ்க்கால் எலும்பு மட்டும் இரண்டு மீட்டர் நீளம். முதலில் ஊனுண்ணி என்றார்கள். பிறகு நீண்ட கழுத்துள்ள தாவர உண்ணி என்று கருத்து மாறியது.

ஆனால் அந்த எலும்புகள் உளுத்துப்போனவை. பாதுகாப்புக்குச் சாந்துக் கட்டுப் போட்டும், அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்வதற்குள் நொறுங்கிவிட்டன. மிஞ்சியவை வரைபடங்களும் சில புகைப்படங்களும். அதுவரை வெளிவராத படங்கள் சில 2022-இல் வெளியான பிறகு நம்பிக்கை கூடியிருக்கிறது. 100 டன்னுக்கு மேல் எடை இருந்திருக்கலாம் என்ற மதிப்பீடும் வந்திருக்கிறது. இருந்தாலும் கையில் எலும்பு இல்லாமல் முதலிடம் என்று அடித்துச் சொல்ல முடியாது.

அப்போ டைனோசர் அழிஞ்ச அந்த அடுக்கைக் காட்ட முடியுமா?

ஒரு கோடாகக் காட்ட முடியாது. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் அந்தப் பேரழிவு நடந்தபோது இந்தப் பகுதியிலிருந்து கடல் விலகியிருந்தது. கல்லமேட்டுக்கும் அதன்மேல் வரும் நின்னியூருக்கும் நடுவே படிவு தொடர்ச்சியாக இல்லை. சில பக்கங்கள் கிழிந்த புத்தகம் போல.

ஆனால் கிழிந்த பக்கத்துக்கு முன்னும் பின்னும் படிக்கலாம். கடல் திரும்பி வந்து படியவைத்த நின்னியூர்ச் சுண்ணாம்புக்கல்லில் அம்மோனைட் இல்லை, இனோசெராமஸ் இல்லை. கிட்டத்தட்ட அம்மோனைட் போலவே சுருண்ட, அறை அறையான ஓடுடைய நாட்டிலஸ் வகை இருக்கிறது. அதன் உறவினர் இன்றும் பசிபிக் கடலில் வாழ்கிறது. ஒரு குடும்பம் போய்விட்டது, பக்கத்துக் குடும்பம் தப்பிவிட்டது.

இது குமரிக்கண்டத்தைக் கடல் கொண்டதுக்கு ஆதாரம்தானே?

இல்லை. சங்க இலக்கிய மரபில் வரும் கடல்கோள் மனிதர் நினைவில் இருக்கும் செய்தி. நம் மனித இனத்தின் வயதே ஏறத்தாழ 3 லட்சம் ஆண்டுகள். கல்லங்குறிச்சிக் கடல் 7 கோடி ஆண்டுகளுக்கு முற்பட்டது. இரண்டுக்கும் நடுவே இருக்கும் இடைவெளியை நினைத்துப் பாருங்கள். தமிழின் தொன்மைக்கு இந்தச் சிப்பிகளின் சாட்சி தேவையில்லை. சிப்பிகளின் தொன்மை வேறு வகைப் பெருமை.

கடல்னு சொல்றீங்க, அப்புறம் சாத்தனூர்ல கல்மரம் எப்படி வந்துச்சு?

மரம் கரையில் வளர்ந்தது, கடலில் புதைந்தது. ஆற்று வெள்ளம் அடித்துக்கொண்டு வந்த மரம் மிதந்து, கனத்து, மூழ்கி, சேற்றுக்குள் புதைந்தது. நீரில் கரைந்திருந்த சிலிக்கா மரத்தின் நுண்ணறைகளுக்குள் நிரம்பி அதைக் கல்லாக்கியது. பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூரில் கிடக்கும் தண்டு 18 மீட்டர் நீளம். 1940-இல் அதைக் கண்டறிந்தவர் எம்.எஸ். கிருஷ்ணன், பின்னாளில் புவியியல் ஆய்வுத் துறையின் தலைமைக்கு வந்த முதல் இந்தியர். கப்பல்புழு என்னும் கடல் உயிர் துளைத்த மரத்துண்டுகளும் இந்தப் பகுதிப் பாறைகளில் கிடைக்கின்றன. மரம் கடலில் மிதந்ததற்கு அதைவிட நேரடியான சாட்சி வேண்டாம். விழுப்புரம் மாவட்டத்துத் திருவக்கரைக் கல்மரங்கள் வேறு. அவை மிகவும் இளையவை.

திருச்சி மார்பிள்னு ஒண்ணு சொல்றாங்களே, அது மார்பிளா?

புவியியல் கணக்கில் அல்ல. பளிங்கு என்பது வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறிய சுண்ணாம்புக்கல். அதில் படிவங்கள் அழிந்துவிடும். திருச்சி மார்பிள் என்பது கருடமங்கலம் பகுதியின் அடர்த்தியான சிப்பிச் சுண்ணாம்புக்கல். மெருகேற்றினால் கருஞ்சாம்பல் நிறத்தில் வெள்ளை ஓடுகள் மின்னும். அந்த ஓடுகள் தெரிவதே அது உருமாறவில்லை என்பதற்குச் சான்று.

சிமெண்ட் ஆலைங்கதானே இதையெல்லாம் அழிக்குது?

அழிகிறது, அதே நேரம் தெரியவும் வருகிறது. சமதளமான அரியலூர் மண்ணில் குவாரி வெட்டாவிட்டால் அடுக்குகளை நேருக்கு நேர் பார்க்கும் வாய்ப்பே குறைவு. ஆய்வாளர்கள் அளந்த சிறந்த வெட்டுமுகங்கள் பலவும் குவாரிச் சுவர்கள். ஆனால் அந்தச் சுவர் அடுத்த வருடம் இருக்காது. 1,400 டிகிரி செல்சியசுக்கும் மேல் எரியும் உலையில் சிப்பியும் முள்ளெலியும் தூளாகிவிடும். 100 கிலோ தூய சுண்ணாம்புக்கல்லைச் சுட்டால் 44 கிலோ கார்பன் டை ஆக்சைடாக வெளியேறும். அந்தக் கடல் உயிர்கள் ஓட்டுக்குள் பூட்டி வைத்தது அது.

சிமெண்ட் வேண்டாம் என்று என்னால் சொல்ல முடியாது, என் வீடும் சிமெண்டால் கட்டியதுதான். ஆனால் வெட்டி முடித்த குவாரிகளில் ஒவ்வோர் அடுக்குக்கும் ஒரு நல்ல சுவரையாவது அப்படியே விட்டு, வேலி போட்டு, பெயர்ப்பலகை வைக்கலாம். இது நடக்க முடியாத ஆசை அல்ல.

நான் போய் எடுத்துட்டு வரலாமா? விலைக்கு விக்கிறாங்களே, வாங்கலாமா?

வாங்காதீர்கள். விற்பனைக்கு வரும் கல்லில் அடுக்கு, ஊர், ஆழம் எதுவும் எழுதியிருக்காது. வாங்க ஆள் இருந்தால் இன்னும் பத்துப் பேர் தோண்டுவார்கள். சாத்தனூர் போன்ற பாதுகாக்கப்பட்ட இடங்களில் ஒரு சில்லுகூட எடுக்கக் கூடாது. குவாரிகளுக்குள் அனுமதி இல்லாமல் போவது சட்டப்படி தவறு, உயிருக்கும் ஆபத்து. புவியியல் மரபிடங்களையும் படிவங்களையும் காப்பதற்கான சட்ட வரைவை ஒன்றிய அரசு 2022 டிசம்பரில் வெளியிட்டது. அதைப் பற்றிய செய்திகளைக் கவனித்து வாருங்கள்.

பார்க்கத்தான் ஆசை என்றால் வாரணவாசியில் இருக்கும் அருங்காட்சியகத்துக்குப் போங்கள். வெளியில் பார்ப்பதைப் படம் எடுங்கள். பக்கத்தில் அளவுக்கு ஒரு நாணயம் அல்லது பேனா வையுங்கள், தூரத்திலிருந்தும் ஒரு படம் எடுங்கள், கைபேசியில் இடக்குறியைச் சேமியுங்கள். வழக்கத்துக்கு மாறாக ஏதேனும் தெரிந்தால், குறிப்பாக எலும்பு போல இருந்தால், தொடாமல் பக்கத்துக் கல்லூரியின் புவியியல் (ஜியாலஜி) துறைக்குச் சொல்லுங்கள். கல்லமேட்டு எலும்புகளின் கதி மறக்க வேண்டாம்.

சின்ன வயசுல எடுத்த கல்லு ஒண்ணு வீட்ல இருக்கு. எந்த ஊர்னு ஞாபகமே இல்லை. தூக்கிப் போட்டுடவா?

வேண்டாம், வையுங்கள். ஒருமுறை ஒரு மாணவர் தாத்தாவின் பெட்டியிலிருந்து பை நிறையக் கொண்டுவந்து கொட்டினார். ஒரு துண்டுச் சீட்டு இல்லை. இரண்டு மணி நேரம் உட்கார்ந்து முக்கால்வாசியைப் பிரித்துவிட்டோம், ஏனென்றால் படிவத்தில் ஒட்டியிருக்கும் மண் கொஞ்சம் பேசும். சாம்பல் களிமண்ணும் ஜிப்சத் துணுக்கும் ஒட்டிய பெலெம்னைட் என்றால் காரைப் பக்கமாக இருக்கலாம். மஞ்சள் பழுப்புச் சுண்ணாம்பு ஒட்டிய கனத்த கிரைஃபியா என்றால் கல்லங்குறிச்சியாக இருக்க வாய்ப்பு அதிகம். கருஞ்சாம்பல் கல்லில் நெருக்கமாகச் சிறு ஓடுகள் என்றால் கருடமங்கலத்தை நினைக்கலாம்.

அதனால் தேய்த்துக் கழுவாதீர்கள், வார்னிஷ் அடிக்காதீர்கள். ஒட்டிய கல்லில் ஒரு சிறு துண்டைச் சீவி நுண்ணோக்கியில் பார்த்தால் அதிலுள்ள ஃபொராமினிஃபெராக்கள் காலத்தைச் சொல்லிவிடக்கூடும். முதலில் வீட்டில் மூத்தவர்களைக் கேளுங்கள்: அந்த வருடம் எந்த ஊர்த் திருவிழாவுக்குப் போனோம், யார் வீட்டில் தங்கினோம், கிணறு வெட்டினார்களா என்று. கிடைக்கும் பதிலை, பாதி நினைவாக இருந்தாலும், ஒரு சீட்டில் எழுதிக் கல்லோடு கட்டி வையுங்கள்.